அவள் மாற்றாத வரி

1. பூட்டிக்கொண்ட போனைத் திறக்கும் மென்பொருளைப் பற்றி ஒரு கட்டுரை இருந்தது. அதைச் சொற்களை மட்டும் மாற்றி, வேறு வேறு தளங்களுக்கு வேறு வேறு கட்டுரையாக எழுதிக் கொடுப்பது எங்கள் வேலை.

2. எழுதிய வரி வேறு எங்காவது ஏற்கெனவே இருந்தால், சோதனை மென்பொருள் அதைச் சிவப்பாகக் காட்டும். சிவப்பு கூடினால் கட்டுரை திரும்பி வரும்.

3. என் பக்கத்து நாற்காலியில் இருந்தவள் ஒரே ஒரு வரியை மட்டும் எந்தக் கட்டுரையிலும் மாற்ற மறுத்தாள்.

4. அவளுடைய இருபத்துமூன்று கட்டுரைகளில் அந்த வரியை நான் மாற்றினேன்.

5. அவற்றில் மூன்றை, மேனாம்பேட்டில் எங்கள் தெருமுனையில் ரவிக்கை தைக்கும் பாய் படித்தார்.

ஐந்தாவதை நான் எதிர்பார்க்கவில்லை. ஆனால் எழுத உட்கார்ந்தது மூன்றாவதைப் பற்றி.

அவள் பெயரை இங்கே எழுதப்போவதில்லை. அலுவலகத்திலேயே யாரும் அவளைப் பெயர் சொல்லிக் கூப்பிடவில்லை. எங்கள் டீம் லீட் வைத்த பெயர் ‘செவப்பு மேடம்’. அவளும் கோபித்துக்கொள்ளாமல், “சொல்லுங்க பச்ச சார்” என்று திரும்புவாள். என்னை அவள் ‘இன்ஜினியரு’ என்றாள். நான் எலெக்ட்ரானிக்ஸ் படித்து, வேலைக்கான கடிதமும் வாங்கி, சேரும் தேதி தள்ளிப்போய்க்கொண்டே இருந்ததால் அங்கே வந்து உட்கார்ந்திருந்தேன். அவள் பிளஸ் டூ. என்னைவிட நாலு வயது மூத்தவள். முதல் வாரமே நீங்க, வாங்க எல்லாம் வேண்டாம் என்று சொல்லிவிட்டாள்.

அம்பத்தூர் எஸ்டேட்டில், ரப்பர் வாஷர் செய்யும் ஒரு பட்டறைக்கு மேலே இரண்டாம் மாடி. கீழே அச்சு இறங்கும்போதெல்லாம் மேஜை மேல் இருக்கும் பாட்டில் தண்ணீரில் சின்ன வளையங்கள் ஓடும். ஆங்கிலத்துக்குப் பன்னிரண்டு பேர், தெலுங்குக்கு நாலு பேர், தமிழுக்கு அவளும் நானும். காலையில் பை வைத்துவிட்டு உட்காரும் முன் கேட்பாள்: “இன்னா இன்ஜினியரு, போனு தொறந்துச்சா?” தினமும் இதே கேள்வி, இதே சொற்கள். ஒரு நாள்கூட வேறு விதமாகக் கேட்டதில்லை.

சொல்லை மாற்றத் தெரியாதவள் என்று யாரும் நினைத்துவிடக் கூடாது. எனக்கு அகராதி வேண்டும். நான் திறந்து வைத்துக்கொண்டு எழுதுவேன். அவள் ஜன்னலைப் பார்த்துக்கொண்டே எழுதுவாள். ‘திறக்க’ என்ற ஒரு சொல்லுக்கு, பூட்டை நீக்க, பூட்டு விலக்க, தடையை எடுக்க, உள்ளே நுழைய, மறந்த கோலத்தைத் தாண்ட என்று அடுக்கிக்கொண்டே போவாள்; பேட்டர்ன் லாக்கை அவள் கோலம் என்பாள். ‘உங்கள் போன்’ அவள் கையில் கைபேசி ஆகும், திறன்பேசி ஆகும், கருவி ஆகும், சாதனம் ஆகும். ‘மூன்றே படிகளில்’ என்பது ‘மூன்று வேலை, அவ்வளவுதான்’ ஆகும். எழுதி முடித்ததும் வாய்க்குள் முணுமுணுத்து ஒருமுறை படிப்பாள். பக்கத்தில் இருப்பவளுக்கு அது எரிச்சலாக இருக்கும். எனக்கு இருந்தது.

அந்த முணுமுணுப்பில் கடைசிக்கு முந்திய இடத்தில் எப்போதும் ஒரே வரி வரும்: “இப்படித் திறந்தால் போனில் இருப்பதெல்லாம் அழிந்துவிடும். படம், எண், செய்தி எதுவும் திரும்ப வராது.”

மற்ற எல்லாம் புதிது; அந்த வரி மட்டும் பழையது. சோதனையில் போட்டால் பச்சைத் திரையின் நடுவில் அது சிவப்பாக நிற்கும். அந்தச் சிவப்பு எல்லைக்குள் அடங்க வேண்டும் என்பதற்காக மற்ற ஒவ்வொரு வரியையும் இரண்டு தடவை புரட்டிப் போடுவாள். அதனால் நான் எட்டுக் கட்டுரை முடிக்கும் நாளில் அவள் ஐந்துதான் முடிப்பாள். சுவரில் ஒரு வெள்ளைப் பலகை. அதில் என் பெயருக்கு எதிரே பெரிய எண்கள். நான் அதை ரசித்தேன் என்பதையும் சொல்லிவிடுகிறேன். பட்டியலில் மேலே இருப்பது எனக்குப் பள்ளிக்கூடத்திலிருந்தே பழக்கம்.

ஒரு மாதம், தமிழ் மேஜை இலக்கை எட்டாததால் எல்லோருக்கும் கிடைத்த பிரியாணி எங்களுக்கு மட்டும் கிடைக்கவில்லை. லீட் அவள் மேஜைப் பக்கம் வந்து நின்றான். கெட்டவன் இல்லை, மேலே இருந்து கேட்பார்கள், கீழே கேட்டாக வேண்டிய இடத்தில் இருந்தவன்.

“ஒரு வரிதானே மேடம். கிளையன்ட் என்ன உங்க மாமியாரா, இவ்ளோ பிடிவாதம்?”

“மாமியாரா இருந்தா மாத்தியிருப்பேன் சார்” என்றாள். “கல்யாணமே ஆவலியே.”

எல்லோரும் சிரித்தார்கள். நான் சிரிக்கவில்லை. பிரியாணி போனது எனக்கு வருத்தம்.

வெள்ளிக்கிழமை மாலை ஒரு விளையாட்டு நடக்கும். லீட் ஒரு சொல்லைச் சொல்வான்; அதற்கு யார் அதிகம் மாற்றுச் சொல் சொல்கிறார்களோ அவர்களுக்குக் கீழே வண்டிக்காரரிடம் முட்டை போண்டா. வாரா வாரம் அவள்தான் சாப்பிட்டாள். ஒரு வெள்ளிக்கிழமை அவன் வேண்டுமென்றே சொன்னான்: “அழிந்துவிடும்.”

அவள் உடனே, “ஒண்ணுதான் கீது. அடுத்தது குடுங்க” என்றாள்.

அவன் விடவில்லை. மறைந்துவிடும், நீங்கிவிடும், போய்விடும் என்று தானே சொல்லிக் காட்டினான். அவள் விரல் விட்டாள்.

“மறைஞ்சத தேடுனா கெடைக்கும். நீங்குனது வேற எங்கியோ கீது. போனது நாளைக்கி வரும். அழிஞ்சது அழிஞ்சதுதான் சார். அதுக்கு வேற சொல்லு எங்கூட்ல இல்ல.”

அன்று போண்டா எனக்குக் கிடைத்தது. ‘அழிந்துவிடும்’ என்பதற்கு நான் பதினொன்று சொன்னேன்.

இவளுக்கு ஏன் இப்படி என்று அவளிடம் நான் கேட்கவில்லை. ஒரு மதியம் பட்டறையில் மின்சாரம் போய், மேலேயும் போய், எல்லோரும் மாடிப்படியில் உட்கார்ந்திருந்தபோது அவளாகச் சொன்னாள். இங்கே வரும் முன் நாலு வருடம் பூந்தமல்லியில் ஒரு போன் சர்வீஸ் கடையின் கவுண்ட்டரில் இருந்திருக்கிறாள். பூட்டிக்கொண்ட போனைக் கொண்டு வருகிறவர்களிடம் ஒரு தாளில் கையெழுத்து வாங்க வேண்டும். யாரும் படிக்க மாட்டார்கள். எங்கே போட வேண்டும் என்று மட்டும் கேட்பார்கள். அதனால் கையெழுத்துக்கு முன்னால் இவள் அந்தத் தாளில் இருந்த ஒரு வரியை வாய்விட்டுப் படிப்பாள். அதுதான் இந்த வரி.

படித்ததும் முக்கால்வாசிப் பேர் பரவாயில்லை என்று கையெழுத்துப் போடுவார்களாம். சிலர் மட்டும் பேனாவைக் கீழே வைப்பார்கள். ஒருவர், வெள்ளானூரில் மனை வாங்கியவர், பேனாவை வைத்துவிட்டுப் போனைத் திரும்ப வாங்கிக்கொண்டு கடை வாசல் படியில் போய் உட்கார்ந்தார். எல்லைக்கல் நட்ட அன்று ஒவ்வொரு கல்லையும் எடுத்த படம் அதில் இருந்தது. பக்கத்து மனைக்காரர் ஒரு கல்லைப் பிடுங்கிவிட்டார். காலையிலிருந்து இந்த மனிதர் கோலத்தைப் போட்டுப் பார்ப்பதும், போன் கொஞ்ச நேரம் பொறு என்பதும், இவர் பொறுப்பதுமாக இருந்து, நாலு மணிக்குத் திறந்துவிட்டது. உள்ளே வந்து கல் படத்தை இவளுக்குக் காட்டினார். பிறகு போய், வாழைக்காய் பஜ்ஜி ஒரு பொட்டலம் வாங்கி வந்து கவுண்ட்டரில் வைத்தார்.

“நா ஒண்ணும் செய்யல இன்ஜினியரு. படிச்சேன், அவ்ளோதான்” என்றாள். மின்சாரம் வந்தது. நாங்கள் எழுந்து போனோம். கதை நன்றாக இருந்தது; வேலைக்கும் அதற்கும் சம்பந்தம் இருப்பதாக எனக்குத் தோன்றவில்லை.

இன்னொரு பழக்கம். மதியம் ஒரு மணிக்கு நசரத்பேட்டையில் இருக்கும் அம்மாவுக்கு போன் செய்வாள். அம்மாவுக்குக் கண்ணில் புரை. “வெள்ள மாத்திர சோத்துக்கு முன்னாடி. மஞ்ச மாத்திர சோத்துக்கு அப்பால. சொட்டு மருந்து படுத்துகினு.” தினமும் இந்த மூன்று வாக்கியம், இதே வரிசை. ஒரு வருடம் பக்கத்தில் உட்கார்ந்தால் யாருக்கும் மனப்பாடம் ஆகிவிடும். ஒரு நாள், “அம்மாவுக்கு இன்னுமா தெரியாது?” என்று கேட்டேன். தெரியும் என்றாள். அப்புறம் ஏன் வார்த்தைகூட மாறாமல் சொல்கிறாய் என்றேன். டிபன் டப்பாவை மூடிக்கொண்டே சொன்னாள்: “வார்த்த மாறுனா மாத்திர மாறிப்போச்சோன்னு நெனச்சுக்கும்.”

அதையும் கேட்டுவிட்டு நான் என் எட்டாவது கட்டுரைக்குத் திரும்பினேன்.

பிறகு ஒரு மாதக் கடைசியில் கிளையன்ட் சிவப்பின் எல்லையை இன்னும் இறுக்கினார்கள். அதுவரை எப்படியோ உள்ளே அடங்கிக்கொண்டிருந்த அவளுடைய கட்டுரைகளில் கடைசி வாரத்தவை மொத்தமாகத் திரும்பி வந்தன: இருபத்துமூன்று. அவள் அந்த மூன்று நாளும் லீவு. அம்மாவுக்குக் கண் அறுவை. லீட் என்னிடம் வந்து, எல்லாவற்றிலும் அந்த ஒரு வரிதான் சிவப்பு, மாற்றிக் கொடுத்தால் மாதம் முடிந்துவிடும், அரை மணி நேர வேலை என்றான்.

அரை மணி நேரம்கூட ஆகவில்லை. நான் முதலில் ஒரு அட்டவணை போட்டேன். ஒரு பக்கம் எண், ஒரு பக்கம் மாற்று வரி. இருபத்துமூன்று கட்டுரைக்கும் ஒரே மாற்று வரி வைத்தால் அதுவும் சிவப்பாகும் என்பதால், இருபத்துமூன்று வரி. நாலாவது: ‘செயல்முறை முடிந்ததும் உங்கள் கைபேசி புத்தம் புதிதாகத் தொடங்கும்.’ பதினொன்றாவது: ‘சாதனம் தொழிற்சாலையிலிருந்து வந்த நிலைக்குத் திரும்பும்.’ பதினேழாவது: ‘சேமிப்பிடம் முழுவதும் காலியாகி, இடம் விடுவிக்கப்படும்.’ ஒன்றிலும் பொய் இல்லை. ஒவ்வொன்றையும் சரிபார்த்தேன். எல்லாம் பச்சை. கணினியை மூடும்போது நன்றாக வேலை செய்த நாளின் நிறைவு இருந்தது.

அவள் திரும்பி வந்தாள். போனு தொறந்துச்சா என்று கேட்டாள். திரையைப் பார்த்தாள். இருபத்துமூன்றும் போய்விட்டிருந்தன, அவளுடைய எழுத்தாளர் எண்ணில், அவள் எழுதியதாக.

“அந்த வரி?” என்றாள்.

“மாத்திட்டேன். அர்த்தம் மாறல.”

மதியம்வரை அவள் இருபத்துமூன்றையும் திறந்து ஒவ்வொன்றாக முணுமுணுத்துப் படித்தாள். படித்து முடித்து லீடிடம் போய், திருத்தம் அனுப்ப அனுமதி கேட்டாள். வெளியான கட்டுரையை மூன்று மாதத்துக்குள், எழுதியவர் எண்ணிலிருந்து மட்டும் திருத்தலாம். லீட் அனுமதி வேண்டும். அவன், போனது போகட்டும் என்றான். அடுத்த நாளும் கேட்டாள். அடுத்த நாளும். தினமும் காலை பத்து மணிக்கு, ஒரே சொற்களில்: “சார், இருபத்திமூணுல வரி இல்ல. திருத்தம் அனுப்பணும்.” அவன் கடிகாரம் பார்க்க வேண்டிய தேவையே இல்லாமல் போனது. மேஜையில் எங்களுக்குள் பேச்சு குறைந்தது. என் கேள்விக்குப் பதில் சொல்வாள். காலைக் கேள்வியையும் கேட்பாள். அதற்கு மேல் இல்லை.

இப்படி இரண்டு வாரம் போயிருக்கும். ஒரு சனிக்கிழமை, என் தங்கையின் நிச்சயதார்த்தத்துக்காக நான் தைக்கக் கொடுத்திருந்த ரவிக்கையை வாங்க பாய் கடைக்குப் போனேன். ரஹீம் பாய்; மேனாம்பேட்டுப் பெண்களில் பாதிப் பேர் போடுவது அவர் எடுத்த அளவுதான். போனதும், “ஸ்டூல்ல ஒக்காரும்மா, அளவு எடுக்கணும்” என்றார். போன மாதம்தானே எடுத்தீர்கள் என்றேன்.

பாய் அளவுகளை முன்பு நோட்டில் எழுதி வைத்திருந்தார். ஒரு மழையில் கடைக்குள் தண்ணீர் வந்து நோட்டு ஊறிப்போனது. அதிலிருந்து, அளவு எழுதிய சீட்டை போனில் படம் எடுத்து வைத்துக்கொண்டு சீட்டைத் தூக்கிப் போட்டுவிடுவார். யாருக்கு எந்தக் கழுத்து, எந்தக் கை, எந்த பார்டர் எங்கே வர வேண்டும் எல்லாம் அதில்தான். போன வாரம் பஸ்ஸில் யாரோ தோளுக்கு மேலே எட்டிப் பார்த்தார்கள் என்று திறக்கும் கோலத்தை மாற்றினார்; மறுநாள் காலை மறந்துபோனார்.

“கடைக்காரன் கைல குடுத்தா இன்னாத்தயாவது கெடுத்துடுவான்னு நானே பாத்தேம்மா” என்றார். “ஒரு எடத்துல பாத்து செஞ்சா தப்பாப் பூடும். அதனால மூணு எடத்துல பாத்தேன். மூணு பேரும் ஒண்ணாத்தான் சொல்லிகிறான்.”

மனைவியின் போனில் அந்த மூன்று பக்கங்களையும் இன்னும் மூடாமல் வைத்திருந்தார். காட்டினார். புத்தம் புதிதாகத் தொடங்கும் என்று ஒன்று. தொழிற்சாலை நிலை என்று ஒன்று. கம்பெனி கண்டிஷனுக்கு வரும் என்று அவர் புரிந்துகொண்டிருந்தார். மூன்றாவது சேமிப்பிடம். “மெமரி ஃபுல்லுன்னு ஒரு மாசமா கத்திகினு கெடந்துச்சும்மா. சரி, அதுவும் சேத்து சரியாய்டும்னு போட்டுகிறானேன்னு சந்தோசமா செஞ்சேன்.” மகளின் காலேஜ் லேப்டாப்பில் போனைச் சொருகி, படி படியாகச் சரியாகச் செய்திருக்கிறார். போன் திறந்தது. உள்ளே எதுவும் இல்லை. படங்களை வேறு எங்கும் சேமித்து வைக்கும் வசதியை அவர் போட்டதே இல்லை. பத்து நாளில் ஒரே கல்யாண வீட்டுக்குப் பதினொரு ரவிக்கை கொடுக்க வேண்டும். துணி எல்லாம் அலமாரியில் அடுக்கியிருந்தது. ஒன்றிலும் கத்தரி வைக்க முடியவில்லை.

நாலு, பதினொன்று, பதினேழு. எண் முதற்கொண்டு எனக்கு நினைவிருந்தது.

அன்று அவரிடம் சொல்லவில்லை. அளவு கொடுத்துவிட்டு வந்துவிட்டேன். இதுவும் நடந்ததில் சேரும்.

திங்கட்கிழமை காலை அவள் வந்து பை வைத்ததும், போனு தொறந்துச்சா என்று கேட்கும் முன் நான் எல்லாவற்றையும் சொன்னேன். நான் சொன்னேன் பார்த்தாயா என்ற பார்வைக்குத் தயாராக இருந்தேன். அது வரவில்லை. அவள் கேட்டது இரண்டே கேள்வி. கடை எங்கே? பில் புத்தகம் இருக்கிறதா?

மாலை இருவரும் போனோம். அவள் வெளியே செருப்பை விடும் நேரத்தில் நான் முந்திக்கொண்டேன். இனி ஒரு நிமிடம் தள்ளினால் சொல்ல மாட்டேன் என்று தெரிந்தது.

“பாய், நீங்க படிச்ச மூணையும் எழுதினது நான்தான்.”

அவர் கத்தரியைப் பலகையில் வைத்தார். “மூணுமா?”

“மூணும்.”

அலமாரியில் இருந்த துணியைத் திரும்பிப் பார்த்தார். பிறகு மெதுவாகச் சொன்னார்: “அப்போ நா ஒரே எடத்துலதான் பாத்துகிறேன்.”

திட்டியிருக்கலாம். எங்கள் இருவருக்கும் ஸ்டூலை நகர்த்திப் போட்டார்.

பில் புத்தகம் இருந்தது. அதில் பெயரும் எண்ணும் உண்டு, அளவு இல்லை. ஆனால் விசாரிக்கையில் ஒரு விஷயம் வெளியே வந்தது. அளவு எடுத்ததும், அம்மா இதுதான் அளவு, சரியா பாருங்க என்று சீட்டின் படத்தை வாடிக்கையாளருக்கும் அனுப்புவது பாயின் வழக்கம். அவர் போனில் அழிந்தது அவர்கள் போனில் இருக்கும். அவள் பில் புத்தகத்தை மடியில் வைத்துக்கொண்டு போன் போட ஆரம்பித்தாள்.

“பாய் டைலர் கடையிலேர்ந்து பேசறோம். கடை போன்ல இருந்த அளவு எல்லாம் அழிஞ்சுபோச்சு. பாய் உங்களுக்கு அனுப்புன சீட்டு படம் இருந்தா இந்த நம்பருக்கு அனுப்புங்க.”

முதல் பெண்ணிடம் சொன்னதையே இரண்டாவது பெண்ணிடமும் சொன்னாள். பத்தாவது பெண்ணிடமும். நான் என் பங்குக்கு முதல் நாலு பேரிடம் நாலு விதமாகப் பேசினேன்: அளவு காணவில்லை என்றேன், ஒரு சின்னத் தொழில்நுட்பச் சிக்கல் என்றேன். அவர்கள் என்னிடம் திரும்பத் திரும்பக் கேள்வி கேட்டார்கள். துணி பத்திரமா என்றார்கள், கடையை மூடிவிட்டாரா என்றார்கள். அவளிடம் யாரும் கேள்வி கேட்கவில்லை. படத்தை அனுப்பினார்கள். ஐந்தாவது போனிலிருந்து நானும் அவள் சொற்களையே சொன்னேன், ஒன்றும் கூட்டாமல். மூன்று மாலை ஆனது. கல்யாண வீட்டுப் பதினொன்றில் ஒன்பது பேர் அனுப்பினார்கள். இரண்டு பேர் நேரில் வந்து அளவு கொடுத்தார்கள். பழைய வாடிக்கையாளரில் பாதிப் பேரிடம் படம் இல்லை; அது போனது போனதுதான்.

நாலாம் நாள் காலை பத்து மணிக்கு அவள் எழுந்து லீடிடம் போனாள். இந்த முறை நானும் எழுந்தேன். அவள் வழக்கமான வரியைச் சொன்னாள். நான் பாய் கடையில் நடந்ததைச் சொன்னேன். லீட் பேனாவைத் திருகிக்கொண்டே கேட்டுவிட்டு அவளிடம், “அனுமதி குடுக்கறேன். இருபத்திமூணும் சிவப்பாத்தான் திரும்பும். அது யாரு பேருல ஏறும்னு தெரியுமில்ல?” என்றான்.

“தெரியும் சார்.”

“உங்க ஒப்பந்தம் அடுத்த மாசம் புதுப்பிக்கற லிஸ்ட்ல இருக்கு.”

“அதுவும் தெரியும்.”

நான் என் எண்ணிலிருந்து அனுப்பிப் பார்த்தேன், கணினி ஏற்கவில்லை. எனவே மேலே உள்ளவர்களுக்கு ஒரு கடிதம் எழுதினேன்: மாற்றியது நான், இன்ன தேதி, இன்ன வரி, இருபத்துமூன்றும் பட்டியலாக. எழுதியவர் எண் எதுவோ அதுதான் கணக்கு என்று பதில் வந்தது. வெள்ளைப் பலகையில் என் பெயர் மேலேயே இருந்தது.

அவள் ஒரு நாளைக்கு நாலு வீதம் திருத்தம் அனுப்பினாள். ஒவ்வொன்றிலும் நான் போட்டதை எடுத்துவிட்டு அந்த வரி. கூடவே ஒரே குறிப்பு: ‘இந்த வரி எல்லாத் தளங்களிலும் ஒன்றாக இருப்பது தவறு அல்ல.’ திரும்பி வந்ததை மறுபடி அனுப்பினாள். அந்தப் பக்கம் இருந்த யாரோ ஒருவர் குறிப்பைப் படித்திருக்க வேண்டும். கொஞ்சம் கொஞ்சமாகச் சிவப்போடு ஏற்க ஆரம்பித்தார்கள். மாதம் முடிவதற்குள் பதினாலு பக்கங்களில் வரி திரும்ப வந்திருந்தது.

ஒப்பந்தம் புதுப்பிக்கப்படவில்லை. கடைசி நாள் அவள் மேஜையில் இருந்தது ஒரு டிபன் டப்பாவும் ஒரு சார்ஜரும்தான். லீட் கீழே பஸ் நிறுத்தம்வரை கூட வந்தான். ஆறு முட்டை போண்டா கட்டி அவள் பையில் வைத்தான். அவள் என்னிடம், மீதி ஒன்பது கட்டுரைகளின் எண்ணையும் ஒரு தாளில் எழுதிக் கொடுத்தாள். பட்டியல் போடுவது என் வேலை என்று சிரிக்கப் பார்த்தேன். “இது என்னோட லிஸ்ட்டு. நீ முடி” என்றாள்.

இரண்டு வருடம் ஆகிறது. அவள் இப்போது நசரத்பேட்டையில் வீட்டுக்குப் பக்கத்தில் ஒரு ரத்தப் பரிசோதனை நிலையத்தின் கவுண்ட்டரில் இருக்கிறாள். ஒரு முறை போயிருந்தேன். வந்தவர்களிடம் சொல்லிக்கொண்டிருந்தாள்: “வெறும் வயிறு. காபியும் கூடாது. தண்ணி குடிக்கலாம்.” நான் உட்கார்ந்திருந்த நேரத்தில் ஏழு பேர் வந்தார்கள். ஏழு பேரிடமும் அதே சொற்கள், அதே வரிசை. என்னைப் பார்த்ததும் அவள் கேட்ட கேள்வியும் மாறவில்லை.

என் சேரும் தேதியும் ஒருவழியாக வந்தது. நான் வேறு அலுவலகத்தில் இருக்கிறேன். பாய் அளவுகளை இரண்டு நோட்டில் எழுதுகிறார். ஒன்று கடையில், ஒன்று வீட்டுப் பரண்மேல்.

மீதி ஒன்பது தளங்களுக்கும் மாதத்தின் முதல் வேலை நாளில் நான் கடிதம் அனுப்புகிறேன். முதல் மாதம் எழுதிய கடிதம்தான். தேதியைத் தவிர ஒரு சொல்லும் மாற்றுவதில்லை. ஐந்து பேர் ஏற்றார்கள். இன்று காலை பார்த்தபோது இருபத்துமூன்றில் பத்தொன்பது பக்கங்களில் அந்த வரி இருக்கிறது. நாலில் இன்னும் இல்லை.